கரை சொன்ன மணி

ஹெட்போனில் கேட்ட குரல் அவள் கணவனுடையது. ஆனால் அவன் அவளுக்குப் பின்னால் மூன்றடி தள்ளி, ஸ்டூலில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

“கரை,” என்றது குரல். “கரை. மணி என்ன? மணி சொல்லு.”

அவள் மெல்லத் திரும்பிப் பார்த்தாள். அவன் வாயில் கவளம் இருந்தது. தாடை அசைந்துகொண்டிருந்தது. கண் சாப்பாட்டு டப்பாவின் மேல் இருந்தது. அவன் எதுவும் பேசவில்லை. ஹெட்போனில் அவன் மறுபடியும் பேசினான்.

“மணி சொல்லு.”

ஆள் மாறிப்போக வாய்ப்பே இல்லை. பதினாறு வருஷமாக ஒரே கூரைக்குக் கீழே கேட்ட குரல். இருட்டில் ஒரு முனகலை வைத்தே அவன் எந்தப் பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறான் என்று சொல்லிவிடுவாள். ஆனால் இது அவனுடைய இன்றைய குரல் இல்லை. நெடுங்காலம் ஒரே கேள்வியைக் கேட்டுக் கேட்டு, பழைய செருப்பைப் போல ஓரங்கள் தேய்ந்துபோன குரல். அதில் கோபம் இல்லை, அவசரம் இல்லை. பதில் வரும் என்ற எதிர்பார்ப்பும் இல்லை. பின்னணியில் ஒரு பலகை நிதானமாக முனகியது.

அவள் விசையைத் தட்டி அணைத்தாள்.

“யாரு?” என்று கேட்டான் கணவன், டப்பாவை மூடியபடி.

“யாருமில்ல. காத்து.”

சொன்ன பிறகுதான் தான் என்ன சொன்னோம் என்பது அவளுக்கே உறைத்தது. நல்லவேளை, அந்த அறைக்குள் அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் என்று அவனுக்குத் தெரியாது. தெரிந்தது அவளுக்கும், அவளுக்கு முன்னால் அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர்களுக்கும் மட்டும்தான்.

படகுத்துறையின் கடைசியில், மரப்படி ஏறிப் போகும் மாடியில் இருந்தது அந்த அறை. ஒரு ரேடியோ, ஒரு மேசை, ஒரு பதிவேடு, கடலைப் பார்த்த ஒரு ஜன்னல், சுவரில் முகப்புக் கண்ணாடி வைத்த தடித்த ஈயப் பெட்டிக்குள் ஒரு கடிகாரம், கூரையிலிருந்து தொங்கும் மணிக்கயிறு. ரேடியோவில் பேசுகிறவர்கள் அவளைக் கரை என்றுதான் கூப்பிட வேண்டும் என்பது சட்டம். ஊரிலும் அவளுக்குக் கரைக்காரி என்றே பெயர் நிலைத்துவிட்டது.

ஜன்னலுக்கு வெளியே இருந்ததை வேறு சொல் இல்லாததால் கடல் என்றார்கள். அதில் உப்பு கிடையாது. அலை கிடையாது. ஏறுவதும் வடிவதும் கிடையாது. சாம்பல் கரைத்த நீர் போல, அடிவானம்வரை இழுத்துக் கட்டிய துணி போலக் கிடக்கும். நனைந்த இரும்பின் வாடை அடிக்கும். அதன் மேலே வானம் எப்போதும் வெள்ளையாகவே இருக்கும். சூரியன் எங்கே இருக்கிறது என்று யாரும் பார்த்ததில்லை, பகலில் எந்தப் பொருளுக்கும் நிழல் விழுவதில்லை. அந்த நீரின் பக்கத்தில் கைக்கடிகாரமோ கைப்பேசியோ இரண்டு நாள் தாங்காது. அதனால் ஊரில் யாரிடமும் நேரம் காட்டும் பொருள் எதுவும் இல்லை. வெள்ளிக்கிழமைதோறும் வெளியூரிலிருந்து ஓர் அதிகாரி வந்து ஈயப் பெட்டிக் கடிகாரத்தைச் சரிபார்த்துவிட்டுப் போவார். மற்ற நாட்களில் கரைக்காரி அடிக்கும் மணிதான் பள்ளிக்கூடத்துக்கு, கடைக்கு, படகுக்கு, உலைக்கு.

நேரம் அங்கே உயிர். காரணம், மடிப்பு. கடலுக்குள் பெரிய வட்டமாகப் பன்னிரண்டு மிதவைகள் கட்டியிருந்தார்கள். அந்த வட்டத்தின் விளிம்பில் மடிப்பு சுற்றிக்கொண்டே இருந்தது, கடிகார முள்ளைப் போல. இரண்டு மணிக்கு இரண்டாவது மிதவையில் இருக்கும்; மூன்று மணிக்கு மூன்றாவதில். கண்ணுக்குத் தெரியாது. நீர் அங்கேயும் நீராகத்தான் இருக்கும். ஆனால் உள்ளே போன படகுக்கு நேற்று, இன்று, நாளை எல்லாம் துவைத்துப் பிழிந்த துணிபோல ஒன்றோடொன்று முறுக்கிக்கொள்ளும். மணி தெரிந்தவனுக்கு அது எங்கே இருக்கிறது என்று தெரியும், ஒதுங்கிப் போய்விடலாம். குழந்தைக்கும் புரியும் கணக்கு. எனவே கடலிலிருந்து யார் மணி கேட்டாலும் கரை உடனே சொல்ல வேண்டும்.

ஒரே ஒரு சந்தர்ப்பத்தில் சொல்லக் கூடாது. கரையில் இருக்கிறவனின் குரல் கடலிலிருந்து கேட்டால். அப்போது விசையை அணைத்துவிட்டு, பதிவேட்டில் ‘காற்று’ என்று எழுத வேண்டும். சம்பந்தப்பட்டவனிடம் மூச்சு விடக் கூடாது. ‘நீ சொன்னாலும் போவான். பயந்து போகிறவன் தடுமாறுவான்’ என்று சொல்லித்தான் அவளிடம் வேலையை ஒப்படைத்தார்கள். பத்தொன்பது வருஷத்தில் ஏழு முறை அவள் ‘காற்று’ எழுதியிருக்கிறாள். ஏழில் ஐந்து பேர் திரும்பவில்லை. ஐந்தாவது ஆள் பக்கத்து வீட்டு டெய்லர் அக்காவின் புருஷன். குரல் கேட்ட மறுநாள் காலை அவர் படியில் நின்று சிரித்தபோது, “போயிட்டு வாங்கண்ணே” என்று வாய் நிறையச் சொல்லி அனுப்பினாள். அக்கா இன்றும் அவளுக்கு ரவிக்கை தைத்துக் கொடுக்கிறாள். கழுத்தளவு எடுக்கும்போது அந்த விரல்கள் சில்லென்று இருக்கும்.

பதிவேட்டைத் திறந்தாள். பேனாவின் மூடியைக் கழற்றினாள். எழுதவில்லை.

கணவனுக்கு விளக்குப் படகு. மிதவைகளின் தலையில் எரியும் விளக்குகளைப் பார்த்துக்கொள்வது வேலை. இன்ஜின்காரர் ஒருவர் கூடப் போவார். நான்காவது மிதவையின் விளக்கு நேற்றிலிருந்து எரியவில்லை. இரண்டு மணி அடித்ததும் கிளம்பி, மடிப்பு அங்கே வருவதற்குள் வேலையை முடித்துத் திரும்ப வேண்டும். இரண்டரை தாண்டிவிட்டால் அன்றைக்குப் போகக் கூடாது.

நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாமே என்று பேச்சுவாக்கில் சொல்லிப் பார்த்தாள். அவன் கேட்டதாகவே காட்டிக்கொள்ளவில்லை. வயிறு என்னவோ செய்கிறது, வீட்டுக்குப் போகத் துணை வேண்டும் என்றாள். அவன் நெற்றியைத் தொட்டுப் பார்த்தான்.

“பத்தொம்பது வருஷத்துல ஒரு நாள் லீவு எடுக்காதவ. இன்னைக்கு என்ன புதுசா?”

“ஒரு நாள் நான் சொல்றதைக் கேட்டா குறைஞ்சா போயிடுவீங்க?”

“விளக்கில்லாம விட்டா நாளைக்குப் பாசி அள்ளற படகெல்லாம் குருட்டுப் பூனை மாதிரி முட்டிக்கிட்டு நிக்கும். அப்புறம் என் வாயிலதான் எல்லாரும் மண்ணள்ளிப் போடுவாங்க.” டப்பாவை அவள் பையில் வைத்தான். “இன்ஜின் கொஞ்சம் முரண்டு பிடிக்குது. கீழ போய்ப் பாக்கறேன். மணி அடி, கிளம்பறோம்.”

படிகள் ஒவ்வொன்றாக அவன் காலடியில் முனகி ஓய்ந்தன. கீழே இன்ஜின் ஒருமுறை இருமி, இரண்டாம் முறை இருமி, பிறகு பலகைகளெல்லாம் அதிரும்படி ஓடத் தொடங்கியது. மேசையிலிருந்த தம்ளரில் தண்ணீர் வட்டம் வட்டமாக நடுங்கியது. அவள் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு எழுந்து, கழுத்துச் சங்கிலியிலிருந்த சாவியால் ஈயப் பெட்டியைத் திறந்தாள்.

உள்ளேயிருந்து குளிர்ந்த எண்ணெய் வாடை வந்தது. கடிகாரத்தின் துடிப்பு, மூடியிருக்கும்போது கேட்காதது, இப்போது ஒரு சின்னப் பிராணியின் நெஞ்சைப் போல விரலுக்குத் தெரிந்தது. பெரிய முள்ளின் மேல் விரல் வைத்துத் தள்ளினாள். முள் வெண்ணெயில் கத்தி போலப் போயிற்று. வாசல் பக்கம் பலகை முனகியதுபோல இருந்தது. கழுத்தைத் திருப்பி வாசலையே பார்த்தபடி, விரலை மட்டும் நகர்த்திக்கொண்டிருந்தாள். யாரும் வரவில்லை. திரும்பிப் பார்த்தபோது இரண்டு முப்பத்தைந்து. தள்ளுவதற்கு முன் அது எத்தனை காட்டியது என்று அவள் பார்த்திருக்கவில்லை. பார்க்கத் தோன்றவில்லை.

கடலில் இன்று ஒரே ஒரு படகு. பாசி அள்ளப் போன கொழுந்தனுடையது. அவன் ஆறு மணிக்குத்தான் திரும்புவான். அதற்குள் கணவனை வீட்டுக்கு அனுப்பிவிட்டு முள்ளைப் பழையபடி தள்ளிவிடலாம். அவ்வளவுதான் கணக்கு.

பெட்டியைப் பூட்டிவிட்டு மணிக்கயிற்றை இழுத்தாள். அரை மணிக்கான ஒற்றை அடி, சற்றுப் பிந்தி.

அவன் கையில் கரியோடு மேலே ஓடிவந்தான். கடிகாரத்தைப் பார்த்தான். அவளைப் பார்த்தான்.

“ரெண்டு அடிச்சியா நீ?”

“அடிச்சேனே. இன்ஜின் போட்ட சத்தத்துல உங்களுக்கு எங்க கேக்கும்?”

அவன் மறுபடி கடிகாரத்தைப் பார்த்தான். சாப்பிட்ட கை இன்னும் காயல போல இருக்கே என்று முணுமுணுத்தான். அவ்வளவோடு விட்டுவிட்டான். பெற்ற தாயைச் சந்தேகித்தாலும் ஈயப் பெட்டியைச் சந்தேகிக்கும் வழக்கம் அந்த ஊரில் இல்லை. கீழே போய் இன்ஜினை அணைத்துவிட்டு, கழற்றி வைத்திருந்த விளக்குக் கண்ணாடியோடு மேலே வந்தான். அவளே டீ போட்டுக் கொடுத்தாள். ஸ்டூலில் உட்கார்ந்து கண்ணாடியைத் துணியால் துடைக்க ஆரம்பித்தான். துணி கண்ணாடியில் உரசும் ஓசை, டீயின் ஆவி, அவன் சட்டையில் டீசல் நெடி. எல்லாம் அறைக்குள் இருந்தன. எல்லாம் கரையில் இருந்தன. அவளுக்குக் கண் கலங்கியது. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

 

மூன்று மணி ஐந்து நிமிடத்துக்கு ரேடியோ கரகரத்தது. அவனிடம் எதையோ ஒளிப்பதாகத் தோன்றக் கூடாதென்று ஹெட்போனை விட்டு ஸ்பீக்கரைப் போட்டு வைத்திருந்தாள்.

“கரை, சின்னவன் பேசறேன். மணி சொல்லுங்க அண்ணி.”

அவள் கை விசையின் மேல் நின்றது.

“சீக்கிரமே மூட்டை ரொம்பிடுச்சு,” என்றான் கொழுந்தன். “இன்னைக்குப் பாசி தானா வந்து வலையில ஏறுது. மணி எத்தனை?”

கடிகாரம் மூன்று ஐந்து என்றது. உண்மையில் இரண்டு, இரண்டேகாலுக்குள் இருக்கும். உண்மையைச் சொன்னால் பின்னால் கண்ணாடி துடைக்கும் கை நின்றுவிடும். அவன் எழுந்துவிடுவான். இன்னும் நேரம் இருக்கிறது என்று தெரிந்தால் கிளம்பியும்விடுவான். தேய்ந்த குரல் காதுக்குள் ஒருமுறை வந்து போயிற்று. மணி சொல்லு.

“மூணு அஞ்சு,” என்றாள்.

“அப்ப ரெண்டாவது மிதவை வழியா வந்துடறேன். அதான் கிட்ட.”

 மடிப்பு இந்த நிமிஷம் இரண்டாவது மிதவையில் இருந்தது.

“ஆறாவது பக்கமா சுத்தி வாயேன்,” என்றாள். குரலைச் சாதாரணமாக வைத்துக்கொள்ளத்தான் எல்லாப் பலமும் செலவாயிற்று.

“ஏன் அண்ணி? உங்களுக்கு என் மூஞ்சியைப் பாக்க அவ்வளவு கசப்பா? ஆறாவது வழியா வந்தா டீசலுக்கு உங்க வீட்டுக்காரர்கிட்டதான் கை நீட்டணும்.”

பின்னாலிருந்து கணவன் சிரித்தான். எழுந்து வந்து, ஒரு கையை அவள் தோளில் ஊன்றி, மைக்குக்குக் குனிந்தான்.

“கை நீட்டினா கையை வெட்டுவேன். நேரா வாடா, டீ ஆறுது.”

“வந்தாச்சு, வந்தாச்சு.”

இன்ஜின் ஓசை ஸ்பீக்கரில் உயர்ந்தது. தோளில் கணவனின் கை சூடாக இருந்தது. இப்போது சொல்லிவிடலாம். இன்னும் சொல்லலாம். வாயைத் திறந்தால் போதும். கொழுந்தன் ஏதோ பாட்டை முனக ஆரம்பித்தான். அவனுக்குப் பாட்டும் வராது, வார்த்தையும் நினைவிருக்காது, ஆனாலும் முனகுவான். அவள் அதைக் கேட்டபடி உட்கார்ந்திருந்தாள். ஒன்று. இரண்டு. பத்து மூச்சு. முப்பது மூச்சு. ஒருவேளை மடிப்பு இன்று பிந்தி வரலாம். ஒருவேளை அவன் கொஞ்சம் விலகிப் போகலாம்.

முனகல் மெதுவானது.

முதலில் அவன் வேண்டுமென்றே இழுக்கிறான் என்று தோன்றியது. பிறகு இன்ஜினும் மெதுவானது. ஒவ்வொரு அடியும் தனித்தனியாக விழுந்தது. ஒரு அடிக்கும் அடுத்ததற்கும் நடுவில் இடைவெளி வளர்ந்தது. அந்த இடைவெளியில் பலகை ஒன்று முனக ஆரம்பித்து, முனகி முடிக்கவில்லை.

“அ...” என்றான் கொழுந்தன்.

அண்ணி என்று கூப்பிட வருகிறான். அல்லது அண்ணா என்று. அவர்கள் காத்திருந்தார்கள். அடுத்த எழுத்து வரவில்லை. முதல் எழுத்தும் நிற்கவில்லை. “அ” என்பது மூச்சு வாங்காமல், ஏறாமல், இறங்காமல், திறந்த வாயிலிருந்து வந்துகொண்டே இருந்தது.

தோளிலிருந்த கை விலகியது.

“மூணு மணிக்கு ரெண்டாவதுல எப்படி இருக்கும்?” என்று அவன் கடிகாரத்தைப் பார்த்துக் கேட்டான். கடிகாரத்தைத்தான் கேட்டான்.

அவள் சொன்னாள். எல்லாவற்றையும் சொன்னாள். ஹெட்போனில் கேட்டது, எழுதாமல் விட்டது, முள்ளைத் தள்ளியது. வார்த்தைகளுக்குக் கீழே, பாயின் அடியில் ஓடும் தண்ணீர் போல, அந்த “அ” ஓடிக்கொண்டிருந்தது.

அவன் கத்துகிறவன் இல்லை. துடைத்த கண்ணாடியைத் துணியில் சுற்றினான். சுற்றியதைப் பிரித்தான். மறுபடி சுற்றினான்.

“எவ்வளவு தள்ளினே?”

“அம்பது நிமிஷம் இருக்கும்.”

“இருக்கும்னா?”

அவள் யோசித்தாள். வாசலைப் பார்த்தபடி விரல் நகர்ந்தது நினைவிருந்தது. எங்கே தொடங்கியது என்பது நினைவில் இல்லை. ஒன்றே முக்காலா, ஒன்று ஐம்பதா, ஒன்றரையா. ஐம்பது நிமிஷமா, நாற்பதா, ஒரு மணி நேரமா.

“தெரியலங்க,” என்றாள்.

அப்போதுதான் இருவருக்கும் முழுதாகப் புரிந்தது. நிழலில்லாத வெள்ளை வானம். கடிகாரம் இல்லாத வீடுகள். வெள்ளிக்கிழமைக்கு இன்னும் நான்கு நாள். அந்த ஊரில், அந்தக் கடலில், இப்போது மணி என்ன என்று அறிந்த உயிர் ஒன்றுகூட இல்லை.

அவன் மிதவைச் சட்டையை மாட்டிக்கொண்டான். இன்ஜின்காரரைத் துணைக்குக் கூப்பிடுங்கள் என்றாள். அவருக்கு இரண்டு பிள்ளைகள் என்று மட்டும் சொன்னான். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. அவள் வாசலை மறித்து நின்றாள். மேசையை நகர்த்துவது போல அவளை இரண்டு தோளிலும் பிடித்து மெதுவாக ஓரமாக நிறுத்தினான்.

“அவன் மடிப்போட ஓரத்துலதான் இருப்பான். கொக்கி போட்டு இழுத்துடுவேன்.” படியில் இறங்கியவன் நின்றான். திரும்பவில்லை. “நான் மணி கேப்பேன். தப்போ சரியோ, ஏதாவது ஒண்ணு சொல்லு. சும்மா மட்டும் இருக்காதே.”

விளக்குப் படகு போயிற்று. அலை இல்லாத நீரில் அது கிழித்த கோடு வெகுநேரம் மூடவில்லை.

கடிகாரம் மூன்று நாற்பதைக் காட்டியபோது அவன் அழைத்தான். குரலில் கோபம் இருந்தது, மூச்சிரைப்பு இருந்தது. அவனுடைய இன்றைய குரல்.

“கரை. மணி என்ன?”

“ரெண்டே முக்கால் இருக்கும்,” என்றாள். “தெரியுதா அவன்?”

“தெரியறான். முன்பக்கம் நிக்கறான். கையை ஆட்டிக்கிட்டு...” சற்று நின்றான். “இல்ல. கை அசையல.”

மூன்று நாற்பத்திரண்டு.

“கரை. மணி என்ன?”

 அவள் ரெண்டே முக்கால் என்றாள்.

“நேத்தும் அதான் சொன்னே,” என்றான்.

அவள் மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். நேற்று இல்லைங்க, இப்போது, இரண்டு நிமிஷம்தான் ஆயிற்று என்று சொன்னாள். திரும்பி வாருங்கள் என்றாள். படகைத் திருப்புங்கள் என்றாள். எதிர்முனையில் கொழுந்தனின் “அ” மட்டும் நிற்காமல்.

மூன்று நாற்பத்து மூன்று.

“கரை. யாராவது இருக்கீங்களா?” இருமல். நீண்ட இருமல். “இப்ப அங்க யாரு இருக்காங்கன்னு தெரியல. ஒரு காலத்துல என் பொண்டாட்டி அந்த நாற்காலியில உக்காந்திருந்தா. அவகிட்ட ஒரு வார்த்தை...”

“நான்தாங்க. நான்தான் இருக்கேன்.”

“...சரி. மணி சொல்லுங்க.”

ஏதோ ஒரு மணியைச் சொன்னாள். எதையென்று அவளுக்கே தெரியாது. மூன்று, இரண்டு, பன்னிரண்டு. வாயில் வந்ததையெல்லாம் சொன்னாள். அவன் சும்மா இருக்காதே என்றான். அவள் சும்மா இருக்கவில்லை.

கரை. மணி என்ன? மணி சொல்லு.

மதியம் கேட்ட குரல். அதே தேய்வு. அதே பலகை முனகல். அது வந்தது. கடந்து போயிற்று.

அதற்குப் பிறகும் குரல் இருந்தது. எழுத்துகள் உதிர்ந்தன. ‘கரை’ போயிற்று. ‘மணி’ போயிற்று. கேள்வி கேட்கும்போது குரல் ஏறுமே, அந்த ஏற்றம் மட்டும் மிஞ்சியது. பிறகு அதுவும் இல்லை.

“அ” நின்றுபோனது.

ஸ்பீக்கரில் சுத்தமான மௌனம். பத்தொன்பது வருஷத்தில் அந்தப் பெட்டி ஒருநாளும் இவ்வளவு மௌனமாக இருந்ததில்லை.

அவள் படியிறங்கினாள். துறையில் ஆட்கள் நின்றிருந்தார்கள். வெகுநேரமாக மணி அடிக்கவில்லையே என்று பார்க்க வந்தவர்கள். கடைக்காரர், வாத்தியார், இன்ஜின்காரர், கழுத்தில் அளவு நாடாவோடு டெய்லர் அக்கா. யாரும் அவளைப் பார்க்கவில்லை. எல்லோரும் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவள் ஆட்களை விலக்கிக்கொண்டு துறையின் நுனிவரை போனாள்.

விளக்குப் படகு வந்துகொண்டிருந்தது. இன்ஜின் ஓடவில்லை. நீர் கலங்கவில்லை. முன்பக்கத்தில் அவள் கணவன் நின்றிருந்தான், போகும்போது இருந்தபடியே, மிதவைச் சட்டையின் மேல் பொத்தானைப் போடாமல்.

அவளுக்கு மூச்சு வந்தது.

அதன் பின்னால் இன்னொரு விளக்குப் படகு வந்தது.

அதே படகு. அதே ஒட்டுப்போட்ட பலகை. அதில் அவன் நின்றிருந்தான், பத்து நாள் தாடியோடு. அதன் பின்னால் இன்னொன்று. தோள்வரை முடி. அதன் பின்னால் இன்னொன்று. நரை. ஒன்றன் பின் ஒன்றாக, ஒரே இடைவெளியில், ஒரே நேர்கோட்டில், கண்ணுக்கெட்டிய தூரம்வரை படகுகள். ஒவ்வொன்றிலும் ஒருவன். ஒவ்வொருவனும் முன்னால் நிற்பவனைவிடக் கொஞ்சம் கூனியவன், கொஞ்சம் வற்றியவன். தூரத்தில் இருந்தவற்றை ஆள் என்று சொல்ல முடியவில்லை. கடைசிப் படகில், கடைசியாகத் தெரிந்ததில், நிற்க முடியாத ஏதோ ஒன்று உட்கார்ந்திருந்தது. அதன் மடியில் கொழுந்தன் கிடந்தான். காலையில் போன அதே இளம் முகம். முடியில் பாசி. வாய் திறந்தபடி.

டெய்லர் அக்கா அவள் காதருகில் வந்து நின்றாள். மெதுவாக, நிஜமாகவே தெரிந்துகொள்ள விரும்புகிறவள் போலக் கேட்டாள்.

“இதுல உன் வீட்டுக்காரர் யாரும்மா?”

முதல் படகு துறையின் தூணில் முட்டியது. டொக்.

இரண்டாவது முதலாவதில் முட்டியது. டொக். மூன்றாவது இரண்டாவதில். ஓசை பின்னோக்கிப் போயிற்று. படகு படகாக. தூரம் தூரமாக. நிற்கவே இல்லை.

முதல் ஆள் துறை ஏணியில் கை வைத்தான். அவளைப் பார்த்தான். சிரிக்கவில்லை. கோபமும் இல்லை. மேலே வரத் தொடங்கினான்.

அவன் விட்ட இடத்துக்கு, படகு தாண்டி, இரண்டாம் ஆள் வந்தான். அவன் இடத்துக்கு மூன்றாம் ஆள். ஒவ்வொருவனும் ஒரு கையைப் பின்னால் நீட்டியிருந்தான். தன்னைவிடக் கிழவனான அடுத்தவனுக்குப் பிடிமானமாக. எல்லோரும் வந்துகொண்டிருந்தார்கள். ஒருவர் பின் ஒருவராக.

வீட்டுக்கு.